அறையில்லாதவனுக்கு மட்டும் அவமானமா?

ஏடுகளிலே அடிக்கடி ஒரு செய்தி வருகிறது. ஊர்ப் பெயர் மாறும், ஆள் மாறுவார், செய்தி மாறாது. கைப்பேசிச் செயலி ஒன்றின் மூலம் ஒருவன் இன்னொருவனோடு பழகுகிறான். ஆள் நடமாட்டம் இல்லாத இடத்துக்கு வரச் சொல்கிறான். போனவனை நாலைந்து பேர் சூழ்ந்துகொண்டு அடிக்கிறார்கள், படம் பிடிக்கிறார்கள், பணத்தையும் கைப்பேசியையும் பறிக்கிறார்கள். வெளியே சொன்னால் படம் வீட்டுக்குப் போகும் என்று மிரட்டி அனுப்புகிறார்கள்.

இது கொள்ளை. பூட்டை உடைத்துப் புகுந்த திருடனுக்கும் இந்தக் கும்பலுக்கும் என்ன வேறுபாடு? ஆனால் தலைப்பிலே என்ன போடுகிறார்கள்? 'ஓரினச்சேர்க்கைக்கு அழைத்து' என்பது கொட்டை எழுத்திலே; கொள்ளை என்பது பொடி எழுத்திலே. படிப்பவனுடைய கண் எங்கே போகும்? அடித்தவன் மீதா, அடிபட்டவன் மீதா? அடிபட்டவன் மீதுதான் போகிறது. 'இவனுக்கு அங்கே என்ன வேலை?' என்றுதான் தேநீர்க் கடையிலே பேச்சு எழுகிறது. அடித்தவனை ஊர் மறந்துவிடுகிறது.

'தொழிலாளிக்குக் கூலி, போனஸ், வேலை நிரந்தரம் என்று ஆயிரம் இருக்க, இந்த விவகாரம் எதற்கு?' என்று கேட்கும் தோழர்கள் உண்டு. கேட்கட்டும். அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறோம். ஏனெனில் அடிபட்டவனும் நம்முடைய தொழிலாளிதான்.

ஆணை நாடும் ஆண்கள், பொழுது சாய்ந்தபின் கடற்கரையிலும் பூங்காவிலும் ரயில் நிலையத்து ஓரத்திலும் துணை தேடி நிற்பது நேற்று முளைத்த வழக்கமல்ல. நம் ஊருக்கு மட்டும் உரியதுமல்ல. இலண்டனிலும் நியூயார்க்கிலும் தில்லியிலும் சென்னையிலும் உள்ளதுதான். இன்று அந்தத் தேடலில் ஒரு பகுதி கைப்பேசிக்குள் போயிருக்கிறது, அவ்வளவே. எந்த ஊரில் எந்த இடம் என்று நாம் எழுதப்போவதில்லை. எழுதினால், மறுநாள் அந்த இடத்திலே காத்திருப்பது துணையாக இராது, தடியாகத்தான் இருக்கும். ஏட்டுக்காரன் முதலில் கற்கவேண்டிய பாடம் அதுதான்.

அப்படித் தேடிப் போகிறவன் யார்? சென்னையிலிருந்து கும்மிடிப்பூண்டிக்குப் போகும் மின்சார ரயிலிலே விடியற்காலையில் ஏறிப் பாருங்கள். எண்ணூரிலே ஒரு கூட்டம், மீஞ்சூரிலே ஒரு கூட்டம், பொன்னேரியிலே ஒரு கூட்டம் என்று ஏறுவதும் இறங்குவதுமாக இருக்கும். சிப்காட்டின் உருக்காலைக்குப் போகிறவன், கம்பி உருட்டும் ஆலையிலே இரவு ஷிப்டு முடித்துத் திரும்புகிறவன், காண்ட்ராக்ட் கூலி, லாரி டிரைவர், தென்மாவட்டத்துப் பையன், பீகார்க்காரன், ஒடிசாக்காரன் எல்லோரும் அந்தக் கூட்டத்திலே இருக்கிறார்கள். திருவள்ளூர்த் தடத்திலே காக்களூர் தொழிற்பேட்டைக்குப் போகிறவர்களும் இப்படித்தான். இவர்களிலே ஆணை நாடும் ஆணும் இருக்கிறான். நெற்றியிலே எழுதி ஒட்டியிருக்கவில்லை. உலைக்கு முன்னே நமக்குப் பக்கத்தில் நின்று வேர்வை சிந்துகிறவனாகவே அவன் இருக்கக்கூடும். மணமாகிப் பிள்ளை பெற்றவனாகவும் இருக்கக்கூடும். அமெரிக்காவிலே லாட் ஹம்ஃப்ரீஸ் என்ற ஆய்வாளர் பொதுக் கழிப்பிடங்களில் இப்படிச் சந்தித்துக்கொண்ட ஆண்களைப் பற்றி 1970 ஆம் ஆண்டு ஒரு நூல் வெளியிட்டார். அவர் ஆராய்ந்தவர்களிலே பாதிக்கும் மேற்பட்டோர் மனைவியோடு வாழும் குடும்பத்தவர்களே. ஆனால் அந்த ஆய்வாளரும் அவர்களுடைய கார் எண்களைக் குறித்துக்கொண்டு, வேடம் மாற்றி அவர்கள் வீட்டுக் கதவைத் தட்டினார் என்பதற்காக இன்றுவரை கண்டிக்கப்படுகிறார். இவர்களைக் கண்டால் அறிஞனுக்குங்கூட ஒளிந்து பார்க்கும் ஆசை வந்துவிடுகிறது!

வசதியுள்ளவனிலும் ஆணை நாடுபவன் இருக்கிறான். அவனுக்குச் சொந்த வீடு இருக்கிறது, கதவு இருக்கிறது, கதவுக்குத் தாழ்ப்பாள் இருக்கிறது. வீடு வாய்க்காவிட்டால் ஓட்டல் அறை இருக்கிறது. சிப்காட் தொழிலாளிக்கு என்ன இருக்கிறது? ஓர் அறையிலே ஆறு பேர், எட்டுப் பேர். பகல் ஷிப்டுக்காரன் எழுந்த பாயிலே இரவு ஷிப்டுக்காரன் படுக்கிறான். தாயோடு கைப்பேசியில் பேசி அழுவதற்குக்கூட அங்கே தனியிடம் கிடையாது. 2017 ஆகஸ்டு 24 ஆம் நாள் உச்சநீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் ஒருமித்து, அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று தீர்ப்பளித்தார்கள். நல்ல தீர்ப்பு, வரவேற்கிறோம். ஆனால் தாழ்ப்பாளே இல்லாதவனுடைய அந்தரங்கம் எங்கே குடியிருக்கும்? அறையுள்ளவன் செய்வது அந்தரங்கம். அறையில்லாதவன் செய்வது அசிங்கம் என்று ஊர் பிரித்து வைத்திருக்கிறது. இந்தப் பிரிவினையை வளர்த்ததிலே சினிமாவுக்கும் ஏட்டுக்கும் பெரும் பங்கு உண்டு.

சினிமாவைப் பாருங்கள். தமிழ்ப் படங்களிலே ஆணை நாடும் ஆணுக்கு நெடுங்காலம் இரண்டே வேடங்கள்தாம் கிடைத்தன. ஒன்று கோமாளி, மற்றொன்று கொலைகாரன். 'அவனா நீ?' என்ற நகைச்சுவைப் பேச்சு கொட்டகையைத் தாண்டிப் பள்ளிக்கூடத்துக்கும் பட்டறைக்கும் வந்துவிட்டது. ஒரு பையன் சற்று மென்மையாக நடந்தால் போதும். அந்தச் சொல்லாலே அவனைக் குத்துகிறார்கள். 2006 ஆம் ஆண்டு வெளிவந்த 'வேட்டையாடு விளையாடு' படத்திலே தொடர் கொலை செய்யும் இருவர் வருகிறார்கள். கதாநாயகனாகிய போலீஸ் அதிகாரி அவர்கள் செய்த கொலைகளைக் கண்டிப்பதோடு நிற்கவில்லை. அவர்களுடைய உறவையும் ஏளனமாகச் சுட்டுகிறார். கொலைகாரன் யாரை நாடினால் என்ன? பெண்ணை நாடும் கொலைகாரன் திரையிலே வரும்போது, 'பெண்ணை நாடுபவன்தானே நீ' என்று எந்தக் கதாநாயகனாவது கேட்டதுண்டா?

இது தமிழ்ப் படத்தின் நோய் மட்டுமல்ல. அமெரிக்காவிலே துணை தேடும் இடங்களையே களமாக வைத்து, அங்கே ஒரு கொலைகாரன் திரிவதாக 'குரூசிங்' என்ற படத்தை 1980 ஆம் ஆண்டு வெளியிட்டார்கள். அதற்கு முந்திய ஆண்டு படப்பிடிப்பு நடக்கும்போதே, 'எங்களைக் கொலைகாரர்களாகக் காட்டாதே' என்று நியூயார்க் தெருக்களிலே அந்த மக்கள் திரண்டு எதிர்த்தார்கள். நம் நாட்டிலே அப்படித் தெருவுக்கு வரவேண்டுமானால், முதலில் முகத்தைக் காட்டவேண்டும். முகத்தைக் காட்டினால் வேலை போகும், வீடு போகும். அந்தத் தைரியத்திலேதான் நம்மவர்கள் கேலிப்படம் எடுத்தார்கள்.

மாறுதல் வரவில்லை என்று சொல்லமாட்டோம். கரிச்சான் குஞ்சு தம் 'பசித்த மானிடம்' நாவலிலே, 1978 ஆம் ஆண்டிலேயே, ஆணுக்கும் ஆணுக்கும் உள்ள உறவை மறைக்காமல் எழுதினார்; கேலி பேசவில்லை. 2019 ஆம் ஆண்டு வந்த 'சூப்பர் டீலக்ஸ்' படம், ஒரு காவல் அதிகாரி திருநங்கை ஒருவரை மிரட்டித் தன் இச்சைக்குப் பணியவைக்கும் கொடுமையை வெளிப்படையாகக் காட்டியது. யார் குற்றவாளி என்பதிலே பார்ப்பவனுக்குக் குழப்பம் வரவில்லை. மலையாளத்திலே 2023 ஆம் ஆண்டு 'காதல் தி கோர்' என்று ஒரு படம் வந்தது. நாயகராக நடித்தவர் மம்மூட்டி. உள்ளாட்சித் தேர்தலிலே இடதுசாரி வேட்பாளராக நிற்கும் ஒருவர் ஆணை நாடுபவர் என்பது வழக்குமன்றத்திலே வெளிவருகிறது. அவருடைய கட்சி அவரைக் கைவிடவில்லை. கட்சித் தோழர்கள் இந்தப் படத்தைப் பார்க்கவேண்டும். பார்த்து, 'நம் கிளையிலே இப்படி நடந்தால் நாம் என்ன செய்வோம்?' என்று தம்மைத் தாமே கேட்டுக்கொள்ளவேண்டும்.

சினிமா கேலி செய்கிறது என்றால், ஏடும் தொலைக்காட்சியும் வேட்டையே ஆடியிருக்கின்றன. கும்மிடிப்பூண்டியைத் தாண்டி, ஆரம்பாக்கத்தைக் கடந்தால் ஆந்திர எல்லை. அந்தப் பக்கத்துத் தெலுங்குத் தொலைக்காட்சி ஒன்று செய்ததைக் கேளுங்கள். 2011 பிப்ரவரியிலே டிவி 9, ஐதராபாத்திலே ஓரினச்சேர்க்கைக் கலாச்சாரம் பெருகிவிட்டது என்று ஒரு நிகழ்ச்சியை ஒளிபரப்பியது. துணை தேடுவோருக்கான இணையத் தளத்திலே பதிந்திருந்தவர்களை நண்பன் போல நடித்துத் தொலைபேசியிலே அழைத்து, அவர்கள் பேசிய பேச்சையும் படங்களையும் ஊரறியப் போட்டது. செய்தி ஒளிபரப்பாளர்களின் தரக்கட்டுப்பாட்டு ஆணையம் அப்போது முன்னாள் தலைமை நீதிபதி ஜே. எஸ். வர்மாவின் தலைமையில் இருந்தது. அந்த ஆணையம் நிகழ்ச்சியைக் கண்டித்து, 1 லட்சம் ரூபாய் அபராதம் விதித்து, திரையிலேயே மன்னிப்புக் கேட்கவும் ஆணையிட்டது. அபராதத்தை நிறுவனம் கட்டிவிடலாம். முகம் வெளிப்பட்டவனுக்குப் போன வேலையை யார் திருப்பிக் கொடுப்பது?

அதற்கு ஓராண்டுக்கு முன் அலிகாரிலே நடந்தது இன்னும் கொடியது. அலிகார் முஸ்லிம் பல்கலைக்கழகத்தின் மராத்திப் பேராசிரியர் ராமச்சந்திர சிராஸ். 2010 பிப்ரவரி 8 ஆம் நாள், கேமராவோடு சிலர் அவருடைய வீட்டுக்குள் புகுந்து, ரிக்‌ஷாத் தொழிலாளி ஒருவரோடு அவர் இருந்ததைப் படம் பிடித்தார்கள். வீடு புகுந்தவர்கள் மீது பாயவேண்டிய பல்கலைக்கழகம், பேராசிரியரை இடைநீக்கம் செய்தது. ஏப்ரல் 1 ஆம் நாள் அலகாபாத் உயர்நீதிமன்றம் அந்த இடைநீக்கத்துக்குத் தடை விதித்தது. அடுத்த வாரம், 7 ஆம் நாள், அவர் தம் வாடகை வீட்டிலே பிணமாகக் கிடந்தார். பின்னர் அவரைப் பற்றி 'அலிகார்' என்று படமும் வந்தது. அந்த ரிக்‌ஷாத் தொழிலாளி? அவர் செய்திகளிலே பெரும்பாலும் 'ரிக்‌ஷாக்காரன்' என்ற ஒற்றைச் சொல்லாகவே நின்றுபோனார். பேராசிரியருக்காவது நீதிமன்றம் ஏற வழி இருந்தது. ரிக்‌ஷாக்காரருக்கு எந்தப் படி இருந்தது? தோழர்கள் இதைக் கவனிக்கவேண்டும்.

பழைய கணக்கும் உண்டு. 1992 ஆம் ஆண்டு தில்லி கன்னாட் பிளேஸ் நடுப்பூங்காவிலே 18 பேரைப் போலீசார் பிடித்துச் சென்றார்கள். ஆகஸ்டு 11 ஆம் நாள் எய்ட்ஸ் பேத்பாவ் விரோதி ஆந்தோலன் என்ற அமைப்பினர் போலீஸ் தலைமை அலுவலகத்தின் முன் நின்று ஆர்ப்பாட்டம் செய்தார்கள். 2001 ஜூலையிலே இலட்சுமணபுரியில், எய்ட்ஸ் தடுப்புக்காகப் பூங்காக்களிலே ஆணுறையும் அறிவுரையும் கொடுத்துவந்த தொண்டர்களையே கைது செய்து 47 நாட்கள் சிறையிலே வைத்தார்கள். நோயைத் தடுக்கப் போனவனுக்கு விலங்கு! ஏடுகள் சிலவற்றிலோ, ஏதோ பாவக் கூடாரம் பிடிபட்டுவிட்டது போன்ற ஆரவாரம்!

ஏடு இப்படி எழுதுவதால் யாருக்கு இலாபம்? மிரட்டிப் பணம் பறிக்கிறவனுக்குத்தான். அவன் கையிலே துப்பாக்கி இல்லை; கத்திகூடத் தேவையில்லை. அடிபட்டவனுடைய வெட்கம் ஒன்றே அவனுக்கு முதல். அந்த முதலை நாள்தோறும் அச்சடித்து அவனுக்குக் கொடுப்பது ஏடு. கொட்டகையிலே சிரிப்பாகக் கொடுப்பது சினிமா. பத்தாயிரம் ரூபாய் சம்பளக்காரன் ஐயாயிரத்தைப் பறிகொடுத்துவிட்டு, காவல் நிலையத்துப் படியிலே கால் வைக்காமல் திரும்புகிறானே, எதனாலே? 'நாளைக் காலை ஏட்டிலே என் பெயர் வரும். ஊரிலே என் தங்கையின் கல்யாணம் நிற்கும்' என்ற அச்சத்தாலேதான்.

இது சட்டம் செய்த வெள்ளைக்காரனுக்கே தெரிந்திருந்தது. 1860 ஆம் ஆண்டு இந்தியத் தண்டனைச் சட்டத்திலே 377 ஆவது பிரிவை வைத்தவன், அதே சட்டத்தின் 388, 389 ஆவது பிரிவுகளையும் எழுதினான். குற்றம் சாட்டப்போவதாக மிரட்டிப் பணம் பறிப்பவனுக்குப் பத்தாண்டு வரை சிறை; மிரட்டுவது 377 ஐக் காட்டி என்றால் ஆயுள் தண்டனை வரை போகலாம் என்று தனியே சேர்த்தான். அதாவது, தான் செய்துவைத்த சட்டம் மிரட்டல்காரனுக்குக் கருவியாகும் என்று அறிந்தே செய்தான்! பண்பாட்டைக் காக்கும் சட்டம் என்று பலர் கட்டிக்கொண்டு அழுதது அந்த வெள்ளையன் சட்டத்தைத்தான்.

2018 செப்டம்பர் 6 ஆம் நாள் உச்சநீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள், வயது வந்தோர் இருவர் மனமொப்பிக் கொள்ளும் உறவு குற்றமாகாது என்று ஒருமித்துத் தீர்ப்பளித்தார்கள். இந்தத் தீர்ப்பை வானொலி, தொலைக்காட்சி, ஏடுகள் வாயிலாக மக்களிடையே பரப்பவேண்டும் என்றும், காவலர்களுக்குச் சொல்லித்தரவேண்டும் என்றும் நீதிபதி நாரிமன் தம் தீர்ப்பிலே மத்திய அரசுக்குப் பணித்தார். நம் ஆலை வாசலிலே இதைப் பற்றி ஒரு சுவரொட்டியையாவது யாரேனும் கண்டதுண்டா?

தமிழ்நாட்டிலே இன்னும் ஓரடி முன்னே போயிருக்கிறோம். 2021 ஜூன் 7 ஆம் நாள் சென்னை உயர்நீதிமன்ற நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், பெற்றோரின் எதிர்ப்புக்கு அஞ்சி மதுரையிலிருந்து சென்னைக்கு வந்த இரு பெண்களின் வழக்கிலே ஆணை பிறப்பித்தார். தமக்கு இதிலே தெளிவில்லை என்று ஒளிக்காமல் சொல்லி, உளவியல் அறிஞரிடம் உட்கார்ந்து கேட்டறிந்த பிறகு எழுதிய ஆணை அது. இவர்களை 'மாற்றுகிறோம்' என்று மருத்துவம் செய்வதற்கு அதிலே தடை விதித்தார். அந்த வழக்கின் தொடர்ச்சியாகத் தமிழ்நாடு அரசு, காவலர் நடத்தை விதிகளிலே 24-சி என்ற புதிய விதியைச் சேர்த்தது. இந்த மக்களையும் இவர்களுக்காகப் பணி செய்வோரையும் போலீசார் துன்புறுத்தக்கூடாது என்பது அந்த விதி. 2022 ஆம் ஆண்டு, இவர்களைக் குறிக்க மதிப்பான சொற்களின் பட்டியலையும் அரசிதழிலே வெளியிட்டது. 'ஓரினச்சேர்க்கையாளர்' என்றால் ஆளையே ஒரு செயலாகச் சுருக்கிவிடுகிறோம். தன்பாலீர்ப்பாளர் என்றால் அவனும் மனம் உள்ள மனிதன் என்பது சொல்லிலேயே நிற்கிறது. சொல்லிலே என்ன இருக்கிறது என்று கேட்க நம் இயக்கத்தாருக்கு உரிமையில்லை. கூலிக்காரனைத் 'தொழிலாளி' என்று அழைக்கவைக்க நாம் எத்தனை ஆண்டு பாடுபட்டோம்!

'பொது இடத்திலே பெண்களும் குழந்தைகளும் நடமாடுகிறார்களே' என்பார்கள். நியாயமான கேள்வி. பொது இடத்திலே பிறர் கூசும்படி நடந்தால், ஆணும் பெண்ணும் ஆனாலும், ஆணும் ஆணும் ஆனாலும் தவறுதான். அதற்குச் சட்டம் இருக்கிறது. எல்லோருக்கும் ஒன்றாகவே பாயட்டும். ஆனால் நிற்பதும், பேசுவதும், சேர்ந்து நடப்பதும் குற்றமல்ல. சிறுவர்களிடம் கை வைப்பவன் யாராயினும் அவனுக்கு 2012 ஆம் ஆண்டின் போக்சோ சட்டம் உண்டு. அவனுக்காக நாம் ஒரு சொல்லும் பேசோம். வயது வந்த இருவர் மனமொப்பிச் சந்திப்பதையும், குழந்தைக்கு இழைக்கும் கொடுமையையும் ஒரே தலைப்பின்கீழ் போடும் ஏடுகள்தாம் இரண்டையும் குழப்புகின்றன.

இன்னொரு குறையையும் சொல்லவேண்டும். 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவிலே 377 ஆவது பிரிவு அடியோடு இல்லை. மனமொப்பிய உறவைத் தண்டிக்கும் பகுதி போனது நல்லது. ஆனால், வயது வந்த ஓர் ஆணை இன்னோர் ஆண் பலவந்தம் செய்தால் தண்டிக்க இருந்த பகுதியும் அதோடு போய்விட்டது. பாலியல் வன்கொடுமை பற்றிய பிரிவு பெண்ணுக்கு நேரும் கொடுமையை மட்டுமே பேசுகிறது. கும்பலிடம் சிக்கிய தொழிலாளிக்கு அடிதடி, வழிப்பறி, மிரட்டிப் பறித்தல் ஆகியவற்றுக்குப் பிரிவுகள் உண்டு. அந்தக் கொடுமைக்கென்று பிரிவு இல்லை. இதைப் பற்றிப் பெரிய ஏடுகள் எத்தனை தலையங்கம் எழுதின?

ஆகவே நாம் செய்யவேண்டியது என்ன? நம் ஏட்டிலிருந்தே தொடங்குவோம். செய்தி அனுப்பும் தோழர்கள் குற்றத்தைத் தலைப்பிலே போடட்டும். அடிபட்டவனுடைய இயல்பைத் தலைப்பாக்கவேண்டாம். அவனுடைய பெயரும் படமும் வேண்டாம். ஊரும் ஆலையும்கூட வேண்டாம். போலீசார் 'பிடித்தோம்' என்று தரும் படத்தை, எந்தச் சட்டப் பிரிவின்கீழ் என்று கேட்காமல் அச்சிடவேண்டாம்.

அடுத்து, சங்கம். கைப்பேசியைப் பறிகொடுத்த தொழிலாளி வந்து நின்றால், 'நீ ஏன் அங்கே போனாய்?' என்பது நம் முதல் கேள்வியாக இருக்கக்கூடாது. 'எவ்வளவு போயிற்று? எங்கே அடித்தான்?' என்று கேளுங்கள். காவல் நிலையத்துக்கு அவனோடு ஒரு தோழர் போகட்டும். மிரட்டிப் பணம் பறிப்பது புதிய சட்டத்தின் 308 ஆவது பிரிவிலே குற்றம் என்று சொல்லுங்கள். நிலையத்திலே அவனையே இழிவுபடுத்தினால், 24-சி விதியை எடுத்துக் காட்டுங்கள். மொழி தெரியாத வடநாட்டுத் தொழிலாளியாக இருந்தால் அவனுக்குத் துணை இருமடங்கு தேவை.

கடைசியாக, பட்டறையிலே நடக்கும் கேலி. உணவு இடைவேளையிலே 'அவனா நீ?' என்று எறியும் சொல்லுக்கு எட்டுப் பேர் சிரிக்கலாம். ஒன்பதாவது ஆள் சிரிப்பது போல நடித்துக்கொண்டு, உள்ளே ஒடுங்கிக்கொண்டிருக்கலாம். இரவிலே அவனை மிரட்டப்போகிறவன், பகலிலே நாம் சிரித்த சிரிப்பைத்தான் அவனுக்கு நினைவூட்டுவான்.

இங்கிலாந்திலே ஒரு முன்மாதிரி உண்டு. ஜான் கீல்குட் பெரும் நாடக நடிகர். பிற்காலத்திலே 'காந்தி' படத்திலே இர்வின் பிரபுவாக நடித்தவர். 1953 அக்டோபரிலே, இலண்டனிலே துணை தேடிப் போனதற்காகக் கைதாகி 10 பவுன் அபராதம் கட்டினார். ஏடுகள் அவரைக் கிழித்துப் போட்டன. சில நாட்களிலே லிவர்பூல் நகரத்து மேடையிலே அவர் ஏறவேண்டும். கால் நகரவில்லை. உடன் நடித்த சிபில் தார்ன்டைக் அம்மையார் அவரை அழைத்துக்கொண்டு மேடைக்கு வந்தார். கூடியிருந்த மக்கள் கைதட்டி வரவேற்றார்கள். ஏடுகள் என்ன எழுதினாலும், மக்கள் வேறு தீர்ப்பளிக்க முடியும் என்று அந்த இரவிலே காட்டினார்கள். பதினான்கு ஆண்டுகள் கழித்து, 1967 இல், இங்கிலாந்திலே சட்டமும் மாறத் தொடங்கியது.

கீல்குட்டுக்குப் புகழ் இருந்தது, மேடை இருந்தது. நம் சிப்காட் தொழிலாளிக்கு அவை இல்லை. அவனுக்கு இருப்பது சங்கம் ஒன்றே. அவன் ஒடுங்கி நிற்கும்போது கைப்பிடித்து அழைத்துவர ஒரு தோழராவது வேண்டும். அறையில்லாத குறையை முதலாளி வைத்தான். அவமானத்தை ஏடும் சினிமாவும் வைத்தன. முன்னதற்குப் போராடுகிற நாம், பின்னதற்கும் போராடக் கடமைப்பட்டவர்கள்.